இருபத்தோராம் தலைமுறை

பூச்சியை விட்ட அன்றைக்கே தங்கபுஷ்பம் வாக்குக் கொடுத்துவிட்டாள். கொடுக்க வேண்டிய அவசியம் எதுவும் இருக்கவில்லை. திட்ட அறிக்கையில் அப்படி ஒரு வரி கிடையாது. ஆனால் ஆடு மேய்க்கிற ஒரு பெண் எதிரே நின்று முகத்தைப் பார்த்துக் கேட்டபோது, 'எனக்குத் தெரியாது' என்று சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை.

வைப்பாற்றுக்குத் தெற்கே கரிசல் முழுவதையும் அப்போது சர்க்கார் கள்ளி மூடியிருந்தது. பெயர் சனங்கள் வைத்தது. 2040களில் ஐந்து வருஷம் மழை பொய்த்தபோது, மாட்டுத் தீவனத்துக்கென்று அரசாங்கம் வீட்டுக்கு இருபது மடல் கொடுத்தது. ஆராய்ச்சிக்கூடத்தில் உருவாக்கிய கள்ளி. முள் கிடையாது. காற்றில் இருக்கிற ஈரத்தைக் குடித்தே வளரும். கொஞ்ச காலம் அதைக் கும்பிடாத குறையாக வைத்திருந்தார்கள். பிறகு பறவைகள் பழத்தைத் தின்று எச்சமிட்ட இடங்களில் முளைத்த கன்றுகளுக்கு முள் வந்தது. இரண்டு ஆள் உயரத்துக்கு எழுந்தது. பருத்திக்காடு, கண்மாய், பள்ளிக்கூடம், சுடுகாடு என்று ஒன்றையும் விடவில்லை. பதினான்கு ஊர்களைப் பூட்டிக்கொண்டு சனங்கள் வெளியேறினார்கள்.

ஊர்க்காரர்கள் போன பிறகு வேறு ஆட்கள் உள்ளே வந்தார்கள். எங்கேயும் ஒரு குழி நிலம் இல்லாதவர்கள். கள்ளியை வெட்டித் தடம் போட்டார்கள். முள்ளைச் சீவி ஆட்டுக்குப் போட்டார்கள். மடலை இடித்துப் பிழிந்த நீரைத் தெளியவைத்துக் குடித்தார்கள். உப்போடைக்குக் கிழக்கே மட்டும் முந்நூறு குடும்பம். பேராச்சியும் அவள் புருஷன் கொம்பையாவும் அப்படி வந்தவர்கள்தான். இருவருக்கும் ஐம்பதை ஒட்டிய வயது. பிள்ளை இல்லை. நூற்றி நாற்பது ஆடு.

"இத விட்டா கள்ளி பூராவும் செத்துருமா?" என்று கேட்டாள் பேராச்சி. தங்கபுஷ்பத்தின் கையில் ஒரு மடல் இருந்தது. அதன்மேல் வெள்ளைப் பஞ்சு ஒட்டினாற்போல் பூச்சிகள்.

"செத்துரும்க்கா. இது செம்பூச்சி. நூத்தம்பது வருஷத்துக்கு முன்னால இதோட சொந்தக்காரப் பூச்சியத்தான் கொண்டுவந்து நாகதாளிய ஒழிச்சாங்க. அது சர்க்கார் கள்ளியத் தின்னாது. இது தின்னும். அப்படி மாத்தியிருக்கோம்."

"பெறகு? கள்ளி தீந்ததும் பருத்தியத் திங்கும், சோளத்தத் திங்கும்."

"திங்காது. நூத்திப் பன்னெண்டு செடியில வச்சுப் பாத்தாச்சு. கள்ளி இல்லன்னா பட்டினி கெடந்து செத்துப்போகும்."

பேராச்சி பூச்சியை விரலால் நசுக்கினாள். விரல் நுனி ரத்தமாகச் சிவந்தது. சேலையில் துடைத்துக்கொண்டாள்.

"அப்ப எங்க ஆடு?"

அங்கேதான் அந்த வாக்கு வந்தது. "அக்கா, இந்தப் பூச்சிக்குள்ளயே ஒரு கணக்கு வச்சிருக்கேன். இருபது தலைமுறை. இருபத்தோராவது தலைமுறைக்கு முட்டை பொரிக்காது. ரெண்டரை வருஷம். மேக்க இருந்து அது உப்போடைக்கு வந்து சேர அவ்வளவு நாள் ஆயிரும். ஓடையத் தாண்டிக் கிழக்க வராது. ஒங்க மூவாயிரம் ஏக்கர் அப்படியே நிக்கும்."

கொம்பையா சற்றுத் தள்ளி ஒரு கிடாயின் காலில் முள் எடுத்துக்கொண்டிருந்தார். தலையைத் தூக்காமலே கேட்டார்: "நிச்சயமா சொல்லுதியளா, டாக்டரம்மா?"

"நிச்சயமாச் சொல்றேன், அண்ணாச்சி."

அது ஆவணி மாதம், 2071.

பூச்சி சொன்ன சொல் தவறாமல் வேலை செய்தது. முதல் வருஷம் மேற்கே கள்ளி மஞ்சளாகி, மடல் மடலாகக் கழன்று விழுந்தது. இரண்டாம் வருஷம் ஒரு மேல்நிலைத் தொட்டி தலைகாட்டியது. பிறகு ஒரு பள்ளிக்கூடத்தின் மாடி, பிறகு ஒரு தேர்முட்டி. முகாம்களில் கிடந்த சனங்கள் லாரி பிடித்து வந்து, தங்கள் வீட்டுச் சுவரைத் தொட்டுப் பார்த்து அழுதார்கள். தங்கபுஷ்பத்தின் காலில் ஒரு பெரியவர் விழப்போனார். அவள் பதறி விலகினாள். ஆனாலும் அன்று முழுக்க அவளுக்கு நெஞ்சு நிறைந்திருந்தது. சாத்தான்குளத்துப் பக்கம் ஒரு சின்ன ஊரிலிருந்து வந்தவள். கல்யாணம் வேண்டாம் என்று நின்றவள். இருபது வருஷம் பூச்சியோடு கிடந்ததற்கு இதைவிட என்ன வேண்டும்?

2074 மாசியில் இருபத்தோராவது தலைமுறை முட்டைகளை அவள் நுண்ணோக்கியில் வைத்தாள். அவை சுருங்கிக் கிடக்க வேண்டும். ஒவ்வொரு முட்டையிலிருந்தும் ஆறு காலோடு ஒரு சிவப்புப் புள்ளி ஊர்ந்து வெளியே வந்தது.

மறுநாள் காலையிலேயே உப்போடைக்குப் போனாள். ஓடைக்குக் கிழக்கே ஒரு தடத்தின் முகப்பில் பேராச்சி உட்கார்ந்திருந்தாள். மடியில் ஒரு மடல், அதன்மேல் வெள்ளை.

"இது என்னம்மா?" என்றாள். குரலில் கோபம் இல்லை. உண்மையிலேயே தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.

தங்கபுஷ்பத்துக்கு அதற்குள் பதில் தெரிந்துவிட்டிருந்தது. தலைமுறைக் கணக்கை அவர்கள் ஆண் பூச்சியின் வழியாக எண்ணவைத்திருந்தார்கள். ஆண் சேராமல் முட்டை பொரிக்காது என்பது எல்லாரும் ஒப்புக்கொண்ட விஷயம். ஆனால் அவளுடைய ஆய்வுக்கூடத்திலேயே, நான்கு வருஷத்துக்கு முன்னால், தனியாக அடைத்த ஒரு பெண் பூச்சி முட்டையிட்டுக் குஞ்சு பொரித்தது. 'ஆண் எப்படியோ உள்ளே நுழைந்திருக்கிறது' என்று எழுதிவிட்டு அந்தக் குப்பியைக் கழுவிக் கவிழ்த்திருந்தாள். இப்போது வெளியே ஆண் இல்லாமலே பெருகுகிற பெண்கள். அவற்றுக்குக் கணக்கே கிடையாது. கள்ளி இருக்கும்வரை அவையும் இருக்கும்.

அதை அப்படியே திட்ட இயக்குநர் கோதண்டத்திடம் சொன்னாள். அவர் கெட்ட மனிதர் அல்ல. அவருடைய சொந்த ஊரும் கள்ளிக்குள் போன ஊர்தான்.

"சரி, பூச்சி நிக்கல. அதனால என்ன நஷ்டம், தங்கபுஷ்பம்? கள்ளியத்தான தின்னுது?"

"உள்ள முந்நூறு குடும்பம் இருக்கு சார். நான் அவங்களுக்குச் சொல்லியிருக்கேன்."

"நீங்க சொன்னது. நாம சொல்லல."

"பொறிவண்டு விட்டா நிறுத்தலாம் சார். செம்பூச்சியத் தின்னுற வண்டு. நம்மகிட்டயே இருக்கு. ஓடைக்குக் கிழக்க மட்டும் விடுவோம்."

கோதண்டம் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். "வண்டுக்கு ஓடை தெரியுமா? றெக்கை இருக்குறதும்மா அது. மேக்க இன்னும் எத்தனையோ ஊரு வெளிய வரணும். கள்ளிய ஒழிக்க வந்த ஆபீஸ் கள்ளியக் காப்பாத்த வண்டு விட்டுச்சுன்னா என்னையும் உங்களையும் எங்க வச்சுப் பேசுவாங்க? எழுதிக் கொடுக்காதீங்க. வாயால சொன்னதோட இருக்கட்டும்."

அவள் எழுதிக் கொடுக்கவில்லை. அதற்குப் பதிலாக, பழைய பெயிண்டை உரிக்க வைத்திருக்கும் கேஸ் டார்ச் இரண்டை வாங்கிக்கொண்டு உப்போடைக்குப் போனாள். தீநாக்கைப் பூச்சியின் மேல் ஒரு நொடி காட்டினால் பஞ்சு பொசுங்கி உள்ளே இருப்பது செத்துவிடும். மடலுக்குச் சேதமில்லை. கொம்பையா இரண்டே மடலில் பக்குவம் பிடித்துக்கொண்டார்.

"செவத்துக்கு வெள்ளையடிக்க மாதிரில்லா இருக்கு," என்று சிரித்தார். அவர் சிரித்து அவள் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

பங்குனி, சித்திரை, வைகாசி. முந்நூறு குடும்பமும் காசு சேர்த்து இன்னும் டார்ச் வாங்கி, விடிந்தால் டார்ச்சும் கையுமாகத் தடங்களுக்குள் இறங்கின. ஆணும் பெண்ணும் மடல் மடலாக வாட்டினார்கள். வாட்டி முடித்த வரிசைக்குப் பின்னாலேயே காற்று புதுக் குஞ்சுகளைக் கொண்டுவந்து கொட்டியது. வேலை தீரவில்லை, ஆனால் கள்ளியும் சாகவில்லை. ஓடையோரத்தில் மட்டும் முதலில் பூச்சி பிடித்த கள்ளி செத்து, நின்ற நிலையில் காய்ந்து நாராகிக் கிடந்தது. அதை வெட்டி அப்புறப்படுத்த ஆள் போதவில்லை. தங்கபுஷ்பம் அதைப் பார்த்தாள். பார்த்துவிட்டு, அடுத்த முறை சொல்லிக்கொள்ளலாம் என்று ஜீப்பில் ஏறினாள்.

ஆனி பிறந்ததும் மேல்காற்று எழுந்தது. ஒரு வியாழக்கிழமை, காலை பதினோரு மணி. யாருடைய டார்ச் என்பது கடைசிவரை தெரியவில்லை. காய்ந்த கள்ளியில் பிடித்த தீ காற்றோடு கிழக்கே ஓடியது. பச்சைக் கள்ளி எரியாது என்றுதான் எல்லாரும் நம்பியிருந்தார்கள். அதுவும் வெந்து வெடித்தது. சனங்கள் தடங்கள் வழியாகத் தப்பி ஓடி வந்தார்கள். கொம்பையாவும் வந்துவிட்டார். வெளியே நின்று ஆடுகளை எண்ணிப் பார்த்ததில் பாதி பட்டிக்குள் அடைந்தே கிடப்பது தெரிந்தது. பேராச்சி வேட்டியைப் பிடித்து இழுத்தாள். வேட்டி அவள் கையோடு வந்தது. அவர் கோவணத்தோடு உள்ளே ஓடினார்.

மூன்றாம் நாள்தான் உள்ளே போக முடிந்தது. பட்டியின் படல் கதவைப் பிடித்தபடி கிடந்தார்.

விசாரணை, கள்ளியிலிருந்து மீண்ட அந்தப் பள்ளிக்கூடத்திலேயே நடந்தது. சுவரில் இருபது வருஷத்துக்கு முந்தைய பெருக்கல் வாய்பாடு இன்னும் இருந்தது. விசாரிக்க வந்தவர் ஓய்வுபெற்ற நீதிபதி, மெல்லப் பேசுகிறவர். அத்துமீறிக் குடியேறியவர்கள் அரசுத் திட்டத்தைக் கெடுக்கத் தீ வைத்தார்களா என்பதுதான் அவர் முன்னால் இருந்த கேள்வி. 'ஆம்' என்று முடிவானால் முந்நூறு குடும்பமும் வெளியேற வேண்டும். வழக்கு செத்தவர் பெயரில் பதிவாகும்.

உள்ளே போகும் முன் கோதண்டம் அவளைத் தாழ்வாரத்தில் நிறுத்தினார். "தீ ஆபத்துன்னு முன்னமே எச்சரிச்சோம்னு மட்டும் சொல்லுங்க. அடுத்து கமுதிப் பக்கம் பூச்சி விடணும். அந்தச் சனங்க ஒன்பது வருஷமா முகாம்ல கெடக்காங்க. கணக்கு நிக்கலங்கறது வெளிய வந்துச்சுன்னா எல்லாம் நின்னுரும். செத்தவர் திரும்பி வரமாட்டார்."

அவள் உள்ளே போய் எல்லாவற்றையும் சொன்னாள். குப்பியைக் கழுவிக் கவிழ்த்ததை, உப்போடையில் கொடுத்த வாக்கை, டார்ச்சை, காய்ந்த கள்ளியைப் பார்த்தும் பேசாமல் வந்ததை. சொல்லச் சொல்ல உடம்பு லேசானது. கோதண்டம் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அடுத்து பேராச்சியைக் கூப்பிட்டார்கள்.

"தீயால் பூச்சியைக் கொல்லலாம் என்று இந்த அம்மா உங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார்களா?" என்றார் நீதிபதி.

"இல்லிங்கய்யா."

தங்கபுஷ்பம் நிமிர்ந்து பார்த்தாள்.

"டார்ச் கொடுத்தது?"

"அவுக ஒண்ணும் குடுக்கல. ஏம் புருசன்தான் எங்கயிருந்தோ கொண்டாந்தான். அவனாக் கண்டுபுடிச்சதுதான் எல்லாம். இந்தம்மா மனசு கேக்காம எங்களுக்காகச் சொல்லுதாவ. பாவம்."

"அக்கா!" என்று தங்கபுஷ்பம் எழுந்துவிட்டாள். நீதிபதி கையமர்த்தினார். பிற்பாடு வந்த அறிக்கையில், 'திட்ட விஞ்ஞானி மன உளைச்சலில் அளித்த வாக்குமூலம் சான்றுகளோடு பொருந்தவில்லை' என்று ஒரே வரி இருந்தது. டார்ச் வாங்கிய ரசீதை அவள் வைத்திருக்கவில்லை. பூச்சியின் கணக்கைப் பற்றி எழுத்தில் எங்கேயும் எதுவும் இல்லை.

வெளியே, மேல்நிலைத் தொட்டியின் நிழலில் பேராச்சியைப் பிடித்தாள். "ஏன்க்கா அப்படிச் சொன்னிய? அண்ணாச்சி பேர்ல வழக்குப் போட்டு உங்க எல்லாரையும் வெளிய அனுப்பப்போறாங்க. நான் சொன்னத ஒத்துக்கிட்டிருந்தா—"

"ஒன்ன உள்ள வச்சிருப்பான்," என்றாள் பேராச்சி. அதுவரை அவள் தங்கபுஷ்பத்தை ஒருமையில் பேசியதில்லை. "வச்சி? காடு கருகிப்போச்சி. நாங்க எப்படியும் போகணும். எதுக்காவச் செத்தான்னு கேட்டா, ஒருத்தி சொன்னதக் கேட்டுச் செத்தான்னு எழுதணுமா? அவன் ஆட்டக் காப்பாத்தச் செத்தான். அது அவனுக்குள்ளது. அத ஒங்கிட்டக் குடுக்க மாட்டேன்."

பேராச்சி முந்தானையை உதறி இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"நீ செயிலுக்குப் போயி ஒன் மனச ஆத்திக்கிடலாம்னு பாத்த. எனக்கு என்ன லாபம் அதுல? மிச்சம் இருக்க ஆட்டோட நாங்க நாப்பது குடும்பம் கமுதிப் பக்கம் போறோம். அங்கயும் இதே கள்ளிதான். அங்கயும் நீதான் பூச்சி விடப்போறன்னு கேள்விப்பட்டேன். ஏதோ வண்டு இருக்காமே, அதத் திங்கிற வண்டு? ஒங்க டிரைவர் சொன்னாரு. அத வளத்துக் குடு."

கமுதித் திட்டத்துக்கு அவளையே தலைவியாகப் போட்டார்கள். அவள் மறுக்கவில்லை. அதே கணக்கில்லாத பூச்சியை விடும் உத்தரவில் கையெழுத்திட்டாள். அதே மாதம், ஆய்வுக்கூடத்துப் பின்னறையில் பூசணிக்காய்களை அடுக்கி, அவற்றில் மாவுப்பூச்சியை ஏற்றி, அதைத் தின்னவிட்டுப் பொறிவண்டு வளர்க்கத் தொடங்கினாள். யாரும் கேட்கவில்லை. பூசணிக்காய் வைத்திருக்கும் விஞ்ஞானியிடம் என்ன கேட்பது? மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, அருப்புக்கோட்டை பேருந்து நிலையத்தில் பேராச்சி வந்து நிற்பாள். துளை போட்ட அட்டைப் பெட்டியை வாங்கிக்கொள்வாள். அதிகம் பேச்சிருக்காது.

"ஆடு எப்படி இருக்குக்கா?"

"இருக்கு."

அவ்வளவுதான். இப்படி ஐந்து முறை. முந்நூறு குடும்பத்துக்குச் செய்ய முடியாததை நாற்பதுக்காவது செய்கிறோம் என்று தங்கபுஷ்பம் தனக்குச் சொல்லிக்கொண்டாள். வண்டு அவர்கள் இருக்கும் பக்கத்திலேயே நிற்கும் என்றும் சொல்லிக்கொண்டாள். நிற்காது என்று கோதண்டம் சொன்னது அவ்வப்போது ஞாபகத்துக்கு வரும். வந்தால் எழுந்து போய்ப் பூசணிக்காய்களைத் திருப்பி வைப்பாள்.

மறு கார்த்திகையில் அவள் கமுதிப் பக்கம் மேற்பார்வைக்குப் போனாள். முகாமைத் தாண்டியதும் கள்ளிச் சுவர் தொடங்கியது. அங்கே அவளுக்காக ஒருவர் காத்திருந்தார். முத்திருளாண்டி, அறுபது வயதுக்காரர். உள்ளே மூழ்கிக் கிடக்கும் ஊரில் மிளகாய் விவசாயம் பார்த்தவர். பூச்சி விட்ட இடங்களைத் தினமும் சுற்றிப் பார்ப்பதை அவராகவே வேலையாக எடுத்துக்கொண்டிருந்தார். யாரும் சொல்லவில்லை, கூலியும் கிடையாது.

"வாங்கம்மா, வாங்க. உங்களுக்குக் காட்டணும்னே வச்சிருக்கேன்." தோளில் கிடந்த துண்டை மெல்ல விரித்தார். உள்ளே ஒரு மடல். "போன மாசம் மடலுக்குப் பத்துப் பூச்சி இருந்துச்சு. இன்னிக்கி எண்ணிப் பாருங்க. என்ன பருமன் ஒவ்வொண்ணும்! வெள்ளவெளேர்னு. எங்க வீட்டுக்காரி தெனம் கேக்குறா, கூரை எப்பத் தெரியும், கூரை எப்பத் தெரியும்னு. பத்து வருசமாச்சும்மா. கட்டில்ல படுத்தே கெடக்கா. ஊர்ல போயித்தான் சாவேங்குறா."

தங்கபுஷ்பம் உருப்பெருக்கியை எடுத்து மடலின் மேல் குனிந்தாள். வெள்ளைப் பஞ்சு போர்த்திய உடல்கள், செம்பூச்சியைப் போலவே. ஆனால் வளர்ந்த செம்பூச்சி இருந்த இடத்தை விட்டு அசையாது. இவை நடந்துகொண்டிருந்தன.

பொறிவண்டின் புழு, தான் தின்னும் பூச்சியின் சாயலிலேயே இருக்கும். அதே வெள்ளை, அதே பஞ்சு. தெரியாதவர் கண்ணுக்கு வித்தியாசம் கிடையாது. அந்த மடலில் செம்பூச்சி ஒன்றே ஒன்றுதான் மிச்சம் இருந்தது. அதன்மேல் இரண்டு புழுக்கள் தலை கவிழ்ந்திருந்தன. பேராச்சி இருக்கும் இடம் அங்கிருந்து முப்பது கிலோமீட்டர்.

"நல்லாப் பெருகுது, இல்லம்மா?"

அவர் முகத்தை அவள் பார்த்தாள். வெயிலில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, பரீட்சை முடிவு கேட்கிறவர் மாதிரி நின்றார்.

"ஆமாங்கய்யா," என்றாள். "நல்லாப் பெருகுது."

முத்திருளாண்டி மடலைத் திரும்பத் துண்டில் வைத்தார். ஒன்றுகூட நசுங்கிவிடக் கூடாது என்று இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டார்.

"அப்ப இருங்கம்மா, வந்துர்றேன். இத இன்னும் பத்து இடத்துல கட்டி விட்டுட்டு வந்துர்றேன்," என்று சொல்லிவிட்டுக் கள்ளியை நோக்கி வேகமாக நடந்தார்.